அத்தியாயம் 6: கேம் கேப்சர் கோளாறுகளைக் கண்டறிந்து சரிசெய்தல்

கேமின் சத்தம் கேட்கிறது, பேசுபவரின் குரல் தெளிவாக வருகிறது, வெப்கேமில் முகமும் தெரிகிறது. கேம் தெரிய வேண்டிய இடம் மட்டும் கருப்பாக இருக்கிறது. ஓபிஎஸ் ஸ்டுடியோவில் நேரலை செய்யத் தொடங்கும் பலரும் முதலில் சந்திக்கும் கோளாறு இதுதான். இதற்குக் காரணங்கள் பல இருந்தாலும், திரும்பத் திரும்ப வருபவை நான்கைந்துதான். வரிசைப்படி பார்த்தால் பெரும்பாலானவை புதிய கருவி எதுவும் வாங்காமலேயே தீர்ந்துவிடும்.

வரிசை தவறும்போதுதான் சிக்கல் பெருகுகிறது. ஒரே மூச்சில் ஐந்து அமைப்புகளை மாற்றியவருக்கு, படம் வந்துவிட்டாலும் எதனால் வந்தது என்று தெரியாது. அடுத்த வாரம் திரை மறுபடி கருப்பானால் முதலிலிருந்தே தேட வேண்டியிருக்கும். ஆகவே இந்த அத்தியாயம் முழுமைக்கும் ஒரே விதி: ஒரு முறைக்கு ஒரு மாற்றம், மாற்றியதும் ஒரு சோதனை.

இங்குள்ள படிகள் விண்டோஸ் 10, விண்டோஸ் 11 கணினிகளுக்கானவை. 2022-ல் வெளியான ஓபிஎஸ் 28-ஆம் பதிப்பிலிருந்து விண்டோஸ் 7, 8 ஆகியவற்றுக்கும் 32 பிட் விண்டோஸுக்கும் ஆதரவு நிறுத்தப்பட்டுவிட்டது. மேக், லினக்ஸ் கணினிகளுக்கான குறிப்பு பிற்பகுதியில் உள்ளது.

## படம் எப்படி எடுக்கப்படுகிறது

கேமின் படத்தை ஓபிஎஸ்ஸுக்குள் கொண்டுவர மூன்று சோர்ஸ்கள் உண்டு.

- கேம் கேப்சர்: ஓடிக்கொண்டிருக்கும் கேமுக்குள் ஒரு சிறு கோப்பைச் செலுத்தி, கிராபிக்ஸ் கார்டு வரைந்து முடித்த படத்தை அங்கேயே பெற்றுக்கொள்ளும். இதற்கு 'ஹூக்' என்று பெயர். மூன்றிலும் கணினிக்குச் சுமை குறைவானது இதுவே.
- விண்டோ கேப்சர்: தேர்ந்தெடுத்த ஒரு ஜன்னலை மட்டும் விண்டோஸின் உதவியோடு எடுக்கும்.
- டிஸ்ப்ளே கேப்சர்: மானிட்டரில் தெரியும் அனைத்தையும் அப்படியே எடுக்கும்.

கேம் கேப்சர் வேலை செய்ய மூன்று நிபந்தனைகள் நிறைவேற வேண்டும். கேமும் ஓபிஎஸ்ஸும் ஒரே கிராபிக்ஸ் சிப்பில் ஓட வேண்டும். கேமுக்கு இருக்கும் அனுமதி அளவாவது ஓபிஎஸ்ஸுக்கு இருக்க வேண்டும். ஹூக் உள்ளே செல்வதை வேறு எந்த மென்பொருளும் தடுக்கக் கூடாது. கருப்புத் திரை வந்தால் இம்மூன்றில் ஒன்று தவறியிருக்கிறது, அல்லது ஓபிஎஸ்ஸுக்குள் சோர்ஸ் தவறாக அமைக்கப்பட்டிருக்கிறது. பின்வரும் படிகள் அனைத்தும் இந்த நான்கில் எது என்று கண்டுபிடிப்பதற்காகவே.

## தொடங்கும் முன் செய்ய வேண்டியவை

1. 'சீன் கலெக்‌ஷன்' மெனுவிலும் 'ப்ரொஃபைல்' மெனுவிலும் 'எக்ஸ்போர்ட்' கொடுத்து இரண்டையும் பிரதி எடுத்துவைக்கவும். மாற்றங்கள் கைமீறிப் போனால் பழைய நிலைக்குத் திரும்ப இது போதும். ப்ரொஃபைல் பிரதியில் ஸ்ட்ரீம் கீயும் சேர்ந்திருக்கக்கூடும் என்பதால் அதை யாருக்கும் அனுப்பக் கூடாது.
2. சோதனைகளை நேரலையில் செய்ய வேண்டாம். 'ஸ்டார்ட் ரெக்கார்டிங்' கொடுத்து முப்பது விநாடி பதிவுசெய்து, அதைப் போட்டுப் பார்க்கவும்.
3. கிராபிக்ஸ் கார்டின் டிரைவர், விண்டோஸ், ஓபிஎஸ் மூன்றையும் புதுப்பித்து, கணினியை ஒரு முறை ரீஸ்டார்ட் செய்யவும்.
4. ஒரு தாளில் மூன்று பத்திகள் போட்டுக்கொள்ளவும்: மாற்றியது, விளைவு, மீண்டும் பழையபடி வைக்கப்பட்டதா.

பாதுகாப்புக் குறிப்பு: ஓபிஎஸ் முற்றிலும் இலவசமான மென்பொருள். அதை ஓபிஎஸ் ப்ராஜெக்ட்டின் அதிகாரப்பூர்வத் தளத்திலிருந்தோ, ஸ்டீம் போன்ற நம்பகமான கடையிலிருந்தோ மட்டும் இறக்க வேண்டும். 2023 ஜனவரியில் கூகுள் தேடலில் வந்த விளம்பரங்கள் வழியாகப் போலி ஓபிஎஸ் பரவியது. அதை நம்பி நிறுவியவர்களின் கணக்குகள் பறிபோயின. தேடல் பக்கத்தில் 'விளம்பரம்' என்ற குறிப்போடு மேலே நிற்கும் இணைப்பைத் தொடாமல், தள முகவரியைத் தானே தட்டச்சு செய்வது நல்லது.

## சோதனைக்கு ஏற்ற கேம்

கோளாறு ஓபிஎஸ்ஸிலா, குறிப்பிட்ட கேமிலா என்று முதலில் பிரித்தறிய வேண்டும். இதற்கு ஏமாற்று ஆட்டத்தைத் தடுக்கும் ஆன்டி-சீட் மென்பொருள் எதுவும் இல்லாத, கணினியை அதிகம் வருத்தாத, தனியாள் கேம் ஒன்று தேவை. 2023 ஜூலையில் வெளியான 'வெண்பா' இதற்குப் பொருத்தமானது. கனடாவில் குடியேறிய தமிழ்க் குடும்பத்தின் சமையலறையைக் களமாகக் கொண்ட இந்த கேமை டொராண்டோவின் விசை கேம்ஸ் உருவாக்கியது. சாதாரண லேப்டாப்பிலும் இது ஓடும்.

- வெண்பா போன்ற எளிய கேமில் படம் வருகிறது, வாலரன்ட் அல்லது கவுன்டர்-ஸ்ட்ரைக் 2-இல் வரவில்லை என்றால், கோளாறு அனுமதியிலோ ஆன்டி-சீட்டிலோ இருக்கலாம். கீழேயுள்ள 4, 7-ஆம் படிகளை முதலில் பார்க்கலாம்.
- எந்த கேமிலும் படம் வரவில்லை என்றால், கிராபிக்ஸ் சிப் தேர்விலோ ஓபிஎஸ் நிறுவலிலோ கோளாறு. 5, 8-ஆம் படிகள் அதற்கானவை.

## கருப்புத் திரை: எட்டுப் படிகள்

படி 1: சீனைச் சரிபார்த்தல்

1. 'சோர்ஸஸ்' பட்டியலில் கேம் கேப்சருக்கு நேரே உள்ள கண் குறி திறந்திருக்கிறதா என்று பார்க்கவும்.
2. அதற்கு மேலே வேறு படமோ, கருப்பு நிறச் சோர்ஸோ இருந்து மறைக்கிறதா என்று பார்க்கவும். பட்டியலில் மேலே இருப்பதே திரையிலும் மேலே இருக்கும்.
3. 'ஸ்டுடியோ மோட்' போடப்பட்டிருந்தால் இடப்பக்கம் தெரிவது முன்னோட்டம் மட்டுமே. 'ட்ரான்சிஷன்' கொடுத்து வலப்பக்கம் மாற்றினால்தான் பார்வையாளருக்குப் போகும்.
4. ஒரே கேமைப் பிடிக்க ஒவ்வொரு சீனிலும் புதிது புதிதாகக் கேம் கேப்சர் சேர்க்கப்பட்டிருந்தால் அவை ஒன்றையொன்று தடுக்கும். ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு, மற்ற சீன்களில் 'ஆட் எக்ஸிஸ்டிங்' வழியாக அதையே சேர்க்கவும்.

படி 2: மோடை மாற்றுதல்

1. கேமை முதலில் ஓடவிடவும்.
2. கேம் கேப்சரை இரட்டைக் கிளிக் செய்து, 'மோட்' என்ற இடத்தில் 'கேப்சர் ஸ்பெசிஃபிக் விண்டோ'வைத் தேர்ந்தெடுக்கவும். 'கேப்சர் எனி ஃபுல்ஸ்க்ரீன் அப்ளிகேஷன்' என்று விட்டுவிட்டால், திரையை முழுதாக நிரப்பாத கேம்கள் பிடிபடாமல் போகலாம்.
3. 'விண்டோ' பட்டியலில் கேமைத் தேர்ந்தெடுக்கவும். மைன்க்ராஃப்ட் ஜாவா பதிப்பு இதில் 'ஜாவாடபிள்யூ' என்ற பெயருடன் இருக்கும்.
4. 'விண்டோ மேட்ச் ப்ரையாரிட்டி'யில் தலைப்பு பொருந்தாவிட்டால் அதே எக்ஸிகியூட்டபிளைத் தேடும் தேர்வை வைக்கவும். மைன்க்ராஃப்ட்டில் பதிப்பு எண்ணும் ஜன்னல் தலைப்பில் வருகிறது. கேம் புதுப்பிக்கப்பட்டதும் தலைப்பு மாறி, நேற்று வந்த படம் இன்று வராமல் போவதற்கு இதுவே காரணம்.

படி 3: திறக்கும் வரிசை

கேமையும் ஓபிஎஸ்ஸையும் முழுதாக மூடவும். 'டாஸ்க் மேனேஜர்' திறந்து, மூடிய கேம் பின்னணியில் தங்கியிருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் அதையும் முடிக்கவும். முதலில் ஓபிஎஸ், பிறகு கேம் என்று திறக்கவும். டைரக்ட்எக்ஸ் 11, டைரக்ட்எக்ஸ் 12, வல்கன் ஆகியவற்றுள் எதில் ஓட வேண்டும் என்று தேர்ந்தெடுக்கும் வசதி கேமில் இருந்தால், ஒன்றை மாற்றி ஒரு முறை சோதிக்கலாம்.

படி 4: அட்மினிஸ்ட்ரேட்டர் அனுமதி

கேம் அட்மினிஸ்ட்ரேட்டர் அனுமதியுடன் ஓடி, ஓபிஎஸ் சாதாரண அனுமதியுடன் ஓடினால் ஹூக் உள்ளே போகாது.

1. ஓபிஎஸ்ஸை மூடவும்.
2. அதன் ஐகானில் வலக்கிளிக் செய்து 'ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்' கொடுக்கவும்.
3. படம் வந்துவிட்டால், 'ப்ராபர்ட்டீஸ்' திறந்து 'காம்பாட்டிபிலிட்டி' பக்கத்தில் இதை நிரந்தரமாக்கவும். அதே பக்கத்தில் பழைய விண்டோஸ் பதிப்புக்கான காம்பாட்டிபிலிட்டி மோட் போடப்பட்டிருந்தால் அதை நீக்கிவிடவும்; ஓபிஎஸ்ஸுக்கு அது பகை.

இப்படித் திறந்த ஓபிஎஸ்ஸுக்குள் ஃபோல்டரிலிருந்து படங்களை இழுத்துப் போட முடியாது. அது கோளாறு அல்ல. 'ஆட்' வழியாகச் சேர்த்துக்கொள்ளலாம்.

படி 5: லேப்டாப்பில் இரண்டு கிராபிக்ஸ் சிப்கள்

லேப்டாப்பில் கருப்புத் திரை வந்தால் முதலில் சந்தேகிக்க வேண்டியது இதைத்தான். கேமிங் லேப்டாப்களில் இன்டெல் அல்லது ஏஎம்டி பிராசஸருக்குள் ஒரு கிராபிக்ஸ் சிப்பும், தனியாக என்விடியா அல்லது ஏஎம்டி சிப் ஒன்றும் இருக்கும். கேம் தனிச் சிப்பிலும் ஓபிஎஸ் உள்சிப்பிலும் ஓடினால் ஒன்றின் படம் மற்றொன்றுக்குக் கிடைக்காது.

1. ஓபிஎஸ்ஸில் 'ஹெல்ப்', 'லாக் ஃபைல்ஸ்', 'வியூ கரன்ட் லாக்' என்று செல்லவும். 'அடாப்டர்' என்ற சொல் உள்ள வரிகளில், ஓபிஎஸ் எந்தச் சிப்பில் தொடங்கியது என்று எழுதியிருக்கும்.
2. அது உள்சிப்பாக இருந்தால், விண்டோஸ் 'செட்டிங்ஸ்', 'சிஸ்டம்', 'டிஸ்ப்ளே', 'கிராபிக்ஸ்' என்று செல்லவும்.
3. பட்டியலில் ஓபிஎஸ் இல்லாவிட்டால் 'ப்ரௌஸ்' கொடுத்து, ப்ரோகிராம் ஃபைல்ஸ் ஃபோல்டரில் உள்ள 'ஓபிஎஸ்-ஸ்டுடியோ', அதற்குள் 'பின்', அதற்குள் '64பிட்' என்று போய் 'ஓபிஎஸ்64' கோப்பைச் சேர்க்கவும்.
4. 'ஹை பெர்ஃபாமன்ஸ்' தேர்ந்தெடுத்துச் சேமிக்கவும்.
5. ஓபிஎஸ்ஸை மூடித் திறந்து, லாக் கோப்பை மறுபடி பார்த்து உறுதிசெய்யவும்.

அடிக்கடி நேரும் தவறு: டிஸ்ப்ளே கேப்சருக்குத் தேவை இதற்கு நேர்மாறானது. லேப்டாப் திரையை இயக்குவது பெரும்பாலும் உள்சிப் என்பதால், திரை முழுவதையும் எடுக்க ஓபிஎஸ் உள்சிப்பில், அதாவது 'பவர் சேவிங்' தேர்வில் ஓடுவது வழக்கம். கேம் கேப்சரைச் சரிசெய்ததும் டிஸ்ப்ளே கேப்சர் கருப்பாகிவிட்டால் காரணம் இதுதான். கேம் நேரலைக்கு ஓபிஎஸ்ஸைத் தனிச் சிப்பிலேயே விட்டுவிட்டு, டிஸ்ப்ளே கேப்சரின் 'கேப்சர் மெதட்'டை 'விண்டோஸ் 10 (1903 அண்ட் அப்)' என்று மாற்றிப் பார்க்கவும்.

படி 6: மற்ற ஓவர்லேக்களை நிறுத்துதல்

டிஸ்கார்டு ஓவர்லே, என்விடியா ஓவர்லே, வெப்பநிலையும் பிரேம் எண்ணிக்கையும் காட்டும் ரிவாட்யூனர், வேறு திரைப்பதிவு மென்பொருள்கள் ஆகியவையும் கேமுக்குள் நுழையக்கூடியவையே. அனைத்தையும் மூடிவிட்டுச் சோதிக்கவும். படம் வந்தால் ஒவ்வொன்றாகத் திறந்து, எது இடறுகிறது என்று கண்டுபிடிக்கவும்.

படி 7: ஆன்டி-சீட்

போட்டி கேம்களில் ஏமாற்று மென்பொருள்களைத் தடுக்கும் காவல் இருக்கும். வெளியிலிருந்து நுழையும் எதையும் அது ஐயத்தோடு பார்ப்பதால் ஓபிஎஸ்ஸின் ஹூக்கும் சில நேரம் தடுக்கப்படுகிறது.

1. கேம் கேப்சர் அமைப்பில் 'யூஸ் ஆன்டி-சீட் காம்பாட்டிபிலிட்டி ஹூக்' டிக் செய்யப்பட்டிருப்பதை உறுதிசெய்யவும்.
2. அப்படியும் வராவிட்டால் கேமை 'பார்டர்லெஸ்' அல்லது 'விண்டோட்' முறைக்கு மாற்றி, விண்டோ கேப்சர் சேர்க்கவும். அதில் 'கேப்சர் மெதட்'டை 'விண்டோஸ் 10 (1903 அண்ட் அப்)' என்று வைக்கவும். இம்முறையில் கேமுக்குள் எதுவும் செலுத்தப்படுவதில்லை. 'பிட்பிளிட்' முறையில் வைத்தால் பெரும்பாலான கேம்கள் கருப்பாகவே வரும்.

எச்சரிக்கை: ஆன்டி-சீட்டை நிறுத்துவதாகவோ ஏமாற்றுவதாகவோ சொல்லும் எந்த மென்பொருளையும் நிறுவக் கூடாது. அவை கணக்கை நிரந்தரத் தடைக்கு உள்ளாக்கும். பல நேரங்களில் கடவுச்சொல்லைத் திருடவும் செய்யும். கவுன்டர்-ஸ்ட்ரைக்கில் வெளி மென்பொருளை அனுமதிக்கும் லாஞ்ச் ஆப்ஷன் ஒன்று உண்டு. அதைப் போட்டால் கேம் அந்தக் கணக்கின் மீது வைத்திருக்கும் நம்பக மதிப்பீடு குறையக்கூடும். விண்டோ கேப்சர் இருக்கும்போது அந்த விலையைக் கொடுக்கத் தேவையில்லை.

படி 8: ஆன்டிவைரஸும் கோப்புகளும்

1. விண்டோஸ் செக்யூரிட்டியில் 'ப்ரொடெக்‌ஷன் ஹிஸ்டரி' திறந்து, ஓபிஎஸ் ஃபோல்டரில் உள்ள கோப்பு எதுவும் தனிமைப்படுத்தப்பட்டிருக்கிறதா என்று பார்க்கவும். ஹூக் கோப்புகளே இப்படிச் சிக்குபவை.
2. ஓபிஎஸ் அதிகாரப்பூர்வத் தளத்திலிருந்து வந்தது என்பது உறுதியானால் மட்டும் அக்கோப்பை மீட்கவும். ஐயம் இருந்தால் ஓபிஎஸ்ஸை நீக்கிவிட்டுப் புதிதாக இறக்கி நிறுவவும்.
3. 'ஹெல்ப்' மெனுவில் உள்ள 'செக் ஃபைல் இன்டெக்ரிட்டி' கொடுக்கவும். சிதைந்த, காணாமல்போன கோப்புகளை அது மாற்றிவைக்கும்.

ஆன்டிவைரஸை முழுதாக நிறுத்திவிட்டு நேரலை செய்யும் பழக்கம் கூடாது. ஒரு கோப்புக்கு விலக்கு அளிப்பது வேறு. வீட்டின் எல்லாக் கதவையும் திறந்துவைப்பது வேறு.

## எடுத்துக்காட்டு: ஒரு லேப்டாப், மைன்க்ராஃப்ட், கருப்புத் திரை

திருச்சி கே.கே. நகரில் மாடி அறையில் லேப்டாப் வைத்து மைன்க்ராஃப்ட் ஜாவா பதிப்பை நேரலை செய்ய விரும்பும் ஒரு மாணவரின் நிலையை எடுத்துக்கொள்ளலாம். லேப்டாப்பில் இன்டெல் உள்சிப்பும் என்விடியா தனிச் சிப்பும் உள்ளன. படிகளை அவர் கடந்துசெல்லும் விதம் இப்படி இருக்கும்:

1. கண் குறி திறந்திருக்கிறது. மேலே எதுவும் மறைக்கவில்லை. சீனில் தவறில்லை.
2. மோடை மாற்றி, 'ஜாவாடபிள்யூ' தேர்ந்தெடுத்தும் திரை கருப்பு.
3. இரண்டையும் மூடி, ஓபிஎஸ்ஸை முதலில் திறந்தும் மாற்றமில்லை.
4. மைன்க்ராஃப்ட் சாதாரண அனுமதியில்தான் ஓடுகிறது. ஆகவே அனுமதி காரணமல்ல.
5. லாக் கோப்பில் ஓபிஎஸ் இன்டெல் சிப்பில் தொடங்கியதாக இருக்கிறது. டாஸ்க் மேனேஜரில் மைன்க்ராஃப்ட்டுக்கு நேரே வேறு ஜிபியு எண். காரணம் கிடைத்துவிட்டது.

ஓபிஎஸ்ஸுக்கு 'ஹை பெர்ஃபாமன்ஸ்' கொடுத்துத் திறந்ததும் படம் வருகிறது. மீதி மூன்று படிகளைத் தொடவே வேண்டியதில்லை. மைன்க்ராஃப்ட் உள்சிப்பிலும் ஓபிஎஸ் தனிச் சிப்பிலும் இருக்கும் நேர்மாறான நிலையும் உண்டு. அப்போது அதே 'கிராபிக்ஸ்' பக்கத்தில் ஜாவாவை 'ஹை பெர்ஃபாமன்ஸ்' ஆக்க வேண்டும்.

## படம் வருகிறது, ஆனால் சரியாக இல்லை

படம் உறைந்து நிற்கிறது. முழுத்திரை கேமிலிருந்து ஆல்ட் + டேப் அழுத்தி வெளியே வந்தால் சில கேம்கள் படம் வரைவதையே நிறுத்திவிடும். கேமை 'பார்டர்லெஸ்' முறையில் ஓட்டினால் இது தீரும்.

படம் சிறிதாக மூலையில் நிற்கிறது அல்லது வெட்டுப்படுகிறது. சோர்ஸைத் தேர்ந்தெடுத்து கன்ட்ரோல் + ஆர் அழுத்திப் பழைய அளவுக்குக் கொண்டுவந்து, கன்ட்ரோல் + எஃப் அழுத்தித் திரைக்குப் பொருத்தவும். 'செட்டிங்ஸ்', 'வீடியோ'வில் 'பேஸ் கேன்வாஸ்' அளவு 1920 x 1080 என்று இருந்தால் கேமும் அதே அளவில் ஓடுவது நல்லது.

நிறம் வெளுத்துத் தெரிகிறது. விண்டோஸில் எச்டிஆர் இயங்குகிறதா என்று பார்க்கவும். விண்டோஸ் + ஆல்ட் + பி (B) அழுத்தினால் அது நிற்கும். மறுபடி அழுத்தினால் வரும். நேரலை எச்டிஆர் முறையில் இல்லாதபோது மானிட்டரிலும் அதை நிறுத்திவைப்பதே எளிது.

சத்தம் வரவில்லை, அல்லது இரட்டையாகக் கேட்கிறது. 'செட்டிங்ஸ்', 'ஆடியோ'வில் 'டெஸ்க்டாப் ஆடியோ'வாக எந்த ஹெட்ஃபோன் தேர்வாகியிருக்கிறது என்று பார்க்கவும். ப்ளூடூத் ஹெட்ஃபோன் மாற்றினால் இதுவும் மாறக்கூடும். 'டெஸ்க்டாப் ஆடியோ'வும் 'அப்ளிகேஷன் ஆடியோ கேப்சர்' சோர்ஸும் ஒரே சமயத்தில் இருந்தால் கேமின் சத்தம் இரண்டு முறை பதிவாகி எதிரொலிக்கும். இரண்டில் ஒன்றை நிறுத்தவும்.

## திக்கித் திணறும் படம்: மூன்று எண்களைப் படித்தல்

படம் திணறும்போது நெட்டைக் குறைசொல்வது வழக்கம். ஓபிஎஸ்ஸின் 'ஸ்டாட்ஸ்' பலகையைத் திறந்தால் காரணம் எதுவென்று எண்களே காட்டிவிடும்.

- ரெண்டரிங் லேக்: கிராபிக்ஸ் சிப் முழுச் சுமையில் இருக்கிறது. கேமில் பிரேம் எண்ணிக்கையை 60-க்குள் கட்டுப்படுத்தவும். நிழல், புல் போன்ற காட்சி அமைப்புகளைக் குறைக்கவும். ஓபிஎஸ்ஸை அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டவும். கேம் கேப்சரில் 'லிமிட் கேப்சர் ஃப்ரேம்ரேட்' தேர்வும் உதவும்.
- என்கோடிங் லேக்: படத்தைச் சுருக்கும் வேலை பின்தங்குகிறது. 'அவுட்புட்' பக்கத்தில் எக்ஸ்264-க்குப் பதிலாக என்விடியா என்வென்க், இன்டெல் குயிக்சிங்க், ஏஎம்டி என்கோடர் ஆகியவற்றுள் கணினியில் இருப்பதைத் தேர்ந்தெடுக்கவும். அப்படியும் திணறினால் வெளியீட்டை 1280 x 720-க்கு இறக்கவும்.
- ட்ராப்ட் ஃப்ரேம்ஸ்: இது மட்டுமே நெட் தொடர்பானது. பிட்ரேட்டைக் குறைக்கவும், வைஃபைக்குப் பதில் லேன் கேபிள் பயன்படுத்தவும். யூடியூபுக்கு 720 அளவில், விநாடிக்கு 30 பிரேமில் அனுப்ப 4,000 கேபிபிஎஸ் போதுமானது. அப்லோட் வேகம் பிட்ரேட்டைவிடத் தாராளமாக அதிகம் இருக்க வேண்டும். நெட் திட்டத்தின் விளம்பரத்தில் சொல்வது பெரும்பாலும் டவுன்லோட் வேகம் என்பதால் அப்லோடைத் தனியாகச் சோதிக்கவும்.

## திருச்சி வெயிலும் மின்தடையும்

ஏப்ரல், மே மாதங்களில் திருச்சியில் வெயில் 40 டிகிரி செல்சியஸைத் தாண்டும் நாட்கள் உண்டு. மொட்டை மாடிக்கு நேர்கீழ் உள்ள அறையில் மாலையிலும் சூடு தணியாது. சூடு ஏறியதும் பிராசஸரும் கிராபிக்ஸ் சிப்பும் தம்மைக் காத்துக்கொள்ள வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். முதல் அரை மணி நேரம் சீராக ஓடி, பிறகு 'ரெண்டரிங் லேக்' ஏறத் தொடங்கினால் அமைப்புகளை மாற்றுவதற்கு முன் வெப்பத்தைப் பார்க்க வேண்டும்.

1. லேப்டாப்பை மெத்தையிலோ போர்வையிலோ வைக்காமல், அடியில் காற்றுப் புகும்படி ஸ்டாண்டில் வைக்கவும்.
2. விசிறித் துளைகளில் தூசு படிந்திருந்தால், கணினியை அணைத்து, சார்ஜரைக் கழற்றிய பிறகு சுத்தம் செய்யவும்.
3. ஏர் கூலரின் ஈரக்காற்று கணினியின் மீது நேராக அடிக்கக் கூடாது. டேபிள் ஃபேன் போதும்.
4. கோடையில் நீண்ட நேரலையை இரவுக்கு மாற்றிக்கொள்ளலாம்.

மின்சாரத்தைப் பொறுத்தவரை, மாதாந்திரப் பராமரிப்புக்கான மின்தடை முன்கூட்டியே அறிவிக்கப்படும். நாளிதழில் அந்த அறிவிப்பைப் பார்த்து நேரலை நாளைக் குறிக்கவும். அறிவிப்பில்லாத தடைக்குப் பின்வருபவை உதவும்.

1. ரௌட்டருக்கும் ஃபைபர் பெட்டிக்கும் தனியாக ஒரு மினி யுபிஎஸ் வைக்கவும். இன்வெர்ட்டருக்கு மாறும் ஒரு கணத்தில் ரௌட்டர் அணைந்தால் நேரலை அறுந்துவிடும்.
2. டெஸ்க்டாப்புக்கு யுபிஎஸ் வாங்கும்போது விஏ எண்ணை மட்டும் பார்க்காமல் வாட் எண்ணைப் பார்க்கவும். கேமிங் கணினிக்குச் சிறிய யுபிஎஸ் தாங்காது.
3. பதிவை எம்பி4 வடிவில் வைக்காமல் எம்கேவி வடிவில் வைக்கவும். மின்சாரம் போனால் சாதாரண எம்பி4 கோப்பு முழுதாகக் கெட்டுவிடும்; எம்கேவியில் அதுவரை பதிவானது மிஞ்சும். பின்னர் 'ஃபைல்' மெனுவின் 'ரீமக்ஸ் ரெக்கார்டிங்ஸ்' வழியாக எம்பி4 ஆக்கிக்கொள்ளலாம்.
4. மின்சாரம் போய் லேப்டாப் பேட்டரிக்கு மாறியதும் கிராபிக்ஸ் வேகம் குறையும். சில லேப்டாப்கள் தனிச் சிப்பையே ஒதுக்கிவிடும். மின்தடைக்குப் பிறகு திறந்த கேம் கருப்பாகத் தெரிந்தால், சார்ஜர் இணைந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு 5-ஆம் படிக்குச் செல்லவும்.

## போன், கன்சோல், மேக், லினக்ஸ்

போன் கேம்கள். பிஜிஎம்ஐ, ஃப்ரீ ஃபயர் மேக்ஸ் போன்றவற்றைப் போனிலேயே ஆடி நேரலை செய்ய, யுஎஸ்பி வழியாக ஆண்ட்ராய்டு போன் திரையைக் கணினியில் காட்டும் 'எஸ்சிஆர்சிபிஒய்' என்ற இலவச மென்பொருள் உதவும். அது திறக்கும் ஜன்னலை விண்டோ கேப்சரில் எடுக்கலாம். இதற்காகப் போனில் திறந்த 'யுஎஸ்பி டீபக்கிங்' வசதியை நேரலை முடிந்ததும் அணைத்துவிட வேண்டும். எமுலேட்டரில் ஆட நினைப்பவர்கள் அந்த கேமின் விதி அதை அனுமதிக்கிறதா என்று முதலில் படிக்க வேண்டும்.

கன்சோல். கேப்சர் கார்டு வழியாக வரும் பிளேஸ்டேஷன் படம் கருப்பாக இருந்தால், கன்சோலின் 'சிஸ்டம்' அமைப்பில் 'எச்டிசிபி'யை அணைக்கவும். அது பதிவைத் தடுக்கும் பூட்டு. அணைத்திருக்கும்போது சில ஓடிடி செயலிகள் ஓடாது. நேரலைக்குப் பின் மீண்டும் போட்டுக்கொள்ளலாம்.

மேக். விண்டோஸில் உள்ள கேம் கேப்சர் இங்கே இல்லை. 'மேக்ஓஎஸ் ஸ்க்ரீன் கேப்சர்' பயன்படும். படம் வராவிட்டால் 'ப்ரைவசி அண்ட் செக்யூரிட்டி'யில் திரைப்பதிவு அனுமதியை ஓபிஎஸ்ஸுக்குக் கொடுத்து, ஓபிஎஸ்ஸை மூடித் திறக்கவும்.

லினக்ஸ். வேலண்ட் சூழலில் 'பைப்வயர்' வழியான ஸ்க்ரீன் கேப்சரைப் பயன்படுத்தவும்.

## டிஸ்ப்ளே கேப்சர்: கடைசி வழி, கூடுதல் கவனம்

எதுவும் பலிக்காதபோது டிஸ்ப்ளே கேப்சர் கைகொடுக்கும். ஆனால் திரையில் வரும் எல்லாமே பார்வையாளருக்கும் போகும்: வாட்ஸ்அப் வெப் செய்தி, வங்கியின் ஓடிபி, மின்னஞ்சல் அறிவிப்பு, வீட்டு முகவரி உள்ள பார்சல் பக்கம். ஆகவே:

1. விண்டோஸில் 'டு நாட் டிஸ்டர்ப்' போடவும்.
2. வாட்ஸ்அப் வெப், வங்கித் தளம், மின்னஞ்சல் ஆகியவற்றை மூடவும்.
3. நேரலையின்போது யூடியூப் ஸ்டுடியோ பக்கத்தையோ ஓபிஎஸ்ஸின் 'ஸ்ட்ரீம்' பக்கத்தையோ திறக்க வேண்டாம். ஸ்ட்ரீம் கீ ஒரு கணம் தெரிந்தாலும் வேறொருவர் அந்தச் சேனலில் நேரலை செய்துவிட முடியும். தெரிந்துவிட்டதாக ஐயம் எழுந்தால் உடனே கீயை மாற்றவும்.
4. கேமுக்கும் மற்ற வேலைகளுக்கும் சேர்த்து ஒரே மானிட்டர்தான் என்றால், இடையில் காட்ட 'சிறிது நேரத்தில் தொடரும்' என்ற சீன் ஒன்றை ஹாட்கீயுடன் தயாராக வைக்கவும்.

## நேரலைக்குப் பத்து நிமிடம் முன் பார்க்க வேண்டியவை

1. சார்ஜர் இணைந்திருக்கிறதா? லேன் கேபிள் செருகப்பட்டிருக்கிறதா?
2. ஓபிஎஸ் முதலில், கேம் பிறகு என்று திறக்கப்பட்டதா?
3. தேவையற்ற ஓவர்லேக்கள் மூடப்பட்டனவா?
4. முப்பது விநாடிச் சோதனைப் பதிவில் படம், கேம் சத்தம், குரல் மூன்றும் சரியாக உள்ளனவா?
5. 'ஸ்டாட்ஸ்' பலகையில் மூன்று எண்களும் ஏறாமல் நிற்கின்றனவா?
6. பதிவு வடிவம் எம்கேவிதானா? டிஸ்க்கில் இடம் இருக்கிறதா?
7. அறிவிப்புகள் நிறுத்தப்பட்டனவா?

நேரலை நாளன்று ஓபிஎஸ்ஸையோ கிராபிக்ஸ் டிரைவரையோ புதுப்பிக்க வேண்டாம். புதுப்பிப்பதை இரண்டு நாள் முன்னதாகச் செய்து, இதே பட்டியலின்படி சோதித்துக்கொள்ள வேண்டும். எட்டுப் படிகளும் முடிந்த பின்னும் படம் வராவிட்டால், லாக் கோப்பையும் மாற்றங்கள் குறித்த தாளையும் விவரம் தெரிந்தவரிடம் காட்டவும். இரண்டும் கையில் இருந்தால், ஏற்கெனவே பார்த்தவற்றை விட்டுவிட்டு மிச்சமுள்ள காரணத்தை அவர் நேராகத் தேடலாம்.